மெத்வதேவ் 2008-ல பெர்லின் போனது: நிஜமாவே கை நீட்டினாரா, இல்ல எல்லாம் செட்டப்பா?

கடலைமிட்டாய்:
ரொம்ப நாளா மண்டையில ஓடிட்டு இருக்கிற கேள்வி. இப்ப டெலிகிராம்ல உட்கார்ந்துக்கிட்டு அணுகுண்டு மிரட்டல் விடுறாரே மெத்வதேவ், 2023 மார்ச்ல கூட புடினை ஜெர்மனியில கைது பண்ணா அது போர் அறிவிப்புதான், ஏவுகணை எல்லாம் அவங்க பாராளுமன்றத்து மேலயே வந்து விழும்னு சொன்னாரே, அதே மனுஷன் 2008-ல ரஷ்ய அதிபரான புதுசுல பெர்லினுக்குப் போய் "ஐரோப்பா முழுசுக்கும் ஒரே பாதுகாப்பு ஒப்பந்தம் போடலாம் வாங்க"ன்னு கூப்பிட்டாராம். ஜெர்மன்காரங்களும் இவர் புடின் மாதிரி இல்ல, நல்லவருன்னு நம்பினாங்களாம். உண்மையா? அப்ப ஜெர்மனி ஒரு நல்ல வாய்ப்பைக் கோட்டை விட்டுச்சா, இல்ல ஆரம்பத்துலயே அதுல ஒண்ணும் இல்லையா? விவரம் தெரிஞ்சவங்க சொல்லுங்க, யூடியூப் லிங்க் மட்டும் போடாதீங்க ப்ளீஸ்.

திண்ணைப்பேச்சு:
உண்மைதான் தம்பி. அந்த வருஷம் நடந்ததை வரிசையா சொல்றேன், ஏன்னா வரிசையிலதான் விஷயமே இருக்கு.

2008 மார்ச் 2 தேர்தல், மெத்வதேவ் சுமார் 70 சதவீதம் வாங்கி ஜெயிச்சாரு. அடுத்த வாரமே, மார்ச் 8, அப்ப ஜெர்மன் சான்சலரா இருந்த மெர்கல் மாஸ்கோவுல. மேற்கு நாட்டுத் தலைவர்கள்ல முதல்ல போய்ப் பார்த்தது அந்தம்மாதான். அன்னிக்கு பிரஸ் மீட்ல புடின் ஒரு விஷயம் சொன்னாரு, மெத்வதேவும் என்னை மாதிரியே ரஷ்ய தேசியவாதிதான், நல்ல அர்த்தத்துல சொல்றேன், அதனால இவரோட டீல் பண்றது உங்களுக்கு ஒண்ணும் ஈஸியா இருக்காதுன்னு. எல்லாரும் சிரிச்சிட்டு விட்டுட்டாங்க.

மே 7 பதவியேற்பு, மறுநாளே புடின் பிரதமர். மே கடைசியில முதல் வெளிநாட்டுப் பயணம், அது பெர்லின் இல்ல, கஜகஸ்தானும் சீனாவும். இதை நிறைய பேரு மறந்துடுவாங்க. ஜூன் 5 தான் பெர்லின், மேற்குப் பக்கம் வெச்ச முதல் அடி அது.

அங்க அரசியல்வாதிங்க, எம்.பி.ங்க கூடியிருந்த ஒரு கூட்டத்துல பேசினாரு. வான்கூவர்ல இருந்து விளாடிவோஸ்டாக் வரைக்கும் எல்லா நாடும் சேர்ந்து, சட்டப்படி கட்டுப்படுத்துற மாதிரி ஒரு ஐரோப்பியப் பாதுகாப்பு ஒப்பந்தம் போடணும், அதுக்கு ஒரு பெரிய மாநாடு கூட்டலாம், ஒவ்வொரு நாடும் கூட்டணி சார்பா வராம தனித்தனி நாடாவே வரணும்னாரு. அட்லாண்டிக் கூட்டணியை மட்டுமே நம்பி ஐரோப்பா ஓடுற காலம் முடிஞ்சு போச்சுன்னும் சொன்னாரு. குரல்ல சூடே இல்ல, வக்கீல் பேசற மாதிரி இருந்துச்சு, மனுஷன் படிச்சதும் சட்டம்தானே. அதுக்கு முந்தின வருஷம் மியூனிக் பாதுகாப்பு மாநாட்டுல புடின் அமெரிக்காவைக் காய்ச்சி எடுத்ததைக் கேட்டவங்களுக்கு இது இளநீர் குடிச்ச மாதிரி இருந்திருக்கும்.

குறுக்குசால்:
அண்ணே வரிசையில ஒரு தேதியை விட்டுட்டீங்களே, அதுதான் மெயினு. 2008 ஏப்ரல், புக்காரெஸ்ட் நேட்டோ மாநாடு. உக்ரைனையும் ஜார்ஜியாவையும் உள்ள சேர்க்கிறதுக்கு முதல் படி எடுத்து வைக்கணும்னு புஷ் குதிச்சாரு, மெர்கலும் பிரான்ஸ் அதிபர் சர்கோசியும் முடியாதுன்னுட்டாங்க. கடைசியில ரெண்டும்கெட்டானா அறிக்கை வந்துச்சு, படியும் ஏத்தல, ஆனா "ஒரு நாள் உறுப்பினர் ஆவாங்க"ன்னு எழுதி வெச்சாங்க.

அது நடந்து சரியா ரெண்டு மாசம்தான் ஆகுது பெர்லின் பேச்சுக்கு. அமெரிக்காவுக்கு "நோ" சொன்ன ஆளு யாருன்னு பார்த்து அவங்க வாசல்லயே போய் நின்னிருக்காங்க, அவ்ளோதான். புது அதிபர், புன்னகை, வக்கீல் பாஷை எல்லாம் மேல தூவின ஜீனி. உள்ள இருக்கிறது பழைய சோவியத் சரக்கு, அமெரிக்காவைத் தள்ளி வெச்சிட்டு ஐரோப்பாவோட தனியா பேசுறது, 1954-லயே சோவியத் வெளிநாட்டு அமைச்சர் மோலோடோவ் பெர்லின் மாநாட்டுல இதே மாதிரி ஐரோப்பியக் கூட்டுப் பாதுகாப்பு ஒப்பந்தம்னு ஒண்ணைத் தூக்கிட்டு வந்தாரு.

இன்னொண்ணு, இவரு ஒண்ணும் வானத்துல இருந்து குதிச்ச லிபரல் கிடையாது, அதிபர் ஆகுற வரைக்கும் ரஷ்ய அரசோட எரிவாயு கம்பெனி காஸ்ப்ரோம்ல போர்டு சேர்மன். பெர்லின்ல பாதி பேருக்கு அவரு முன்னாடியே பழக்கம்.

ரூர்காரன்:
நான் இஞ்ச ஜெர்மனியில கனகாலமா இருக்கிறன், அந்த நேரம் இஞ்சத்தை சனம் எப்பிடிப் பாத்தது எண்டு சொல்லுறன். குறுக்குசால் சொல்லுறது மொஸ்கோப் பக்கக் கதை. பெர்லின் பக்கம் வேற.

இஞ்ச அப்ப வெளிநாட்டு அமைச்சரா இருந்தது ஸ்டைன்மையர், இண்டைக்கு ஜனாதிபதி. அவர் சோசல் டெமாக்ரட் கட்சி. மெத்வதேவ் பதவி ஏத்து ஒரு கிழமை கூட ஆகேல்லை, மே 13, இவர் எகாதெரின்பர்க்குக்குப் போய் அங்க யூனிவர்சிட்டியில "நவீனமாக்கலுக்கான கூட்டு" எண்டு ஒரு திட்டத்தைப் பேசினவர். அதாவது மெத்வதேவ் இஞ்ச வந்து கை நீட்ட முதலே இவையள் அங்க போய்க் கை நீட்டிப் போட்டினம். சட்டம், சுகாதாரம், மின்சாரம் மிச்சம் பிடிக்கிறது, படிப்பு, இதுகளில ரஷ்யாவுக்கு உதவி செய்தால் நாடு தானா மாறும் எண்ட நம்பிக்கை.

அந்தக் கட்சிக்கு இது பரம்பரைச் சொத்து மாதிரி. வில்லி பிராண்ட் 1969-ல சான்சலரா வந்த கையோட தன்ரை ஆலோசகர் ஈகோன் பாரை மொஸ்கோவுக்கு அனுப்பி, 1970 ஓகஸ்ட் 12-ல மொஸ்கோ ஒப்பந்தம் கையெழுத்தானது. ஆனா அதுக்கும் ஆறு மாசம் முந்தியே, பெப்ரவரியில, எஸன் நகரத்தில குழாய்க்கு எரிவாயு எண்டு டீல் முடிஞ்சிட்டுது. மானெஸ்மான் கொம்பனி பெரிய இரும்புக் குழாய் குடுக்கும், ஜெர்மன் வங்கியள் கடன் குடுக்கும், சோவியத் காஸ் குடுத்துக் கழிக்கும். அந்தக் குழாய் செய்தது நான் இருக்கிற இந்த ரூர் பக்கத்து ஆக்கள்தான், இஞ்சத்தைக் கிழவனுகளுக்கு ரஷ்யாவோட சமாதானம் எண்டால் அது வேலை, சம்பளம். அதை விளங்காமல் 2008-ஐ விளங்கேலாது.

வெயில்நதி:
ரூர்காரன் அண்ணா சூப்பரா சொன்னீங்க. ஆனா ஒண்ணு கவனிச்சீங்களா, மெர்கல் அந்தக் கட்சி கிடையாது. அவங்க கிழக்கு ஜெர்மனியில வளர்ந்தவங்க, ஸ்கூல்ல ரஷ்ய மொழிப் போட்டியில பரிசு வாங்கினவங்க, சோவியத் எப்படி இருக்கும்னு உள்ள இருந்து பார்த்தவங்க. புடின் மேல அவங்களுக்கு மாயை எல்லாம் ஒண்ணும் இருந்ததா தெரியல. 2007-ல சோச்சியில அந்த லாப்ரடார் நாயை உள்ள விட்டாரே, நாய்னா அவங்களுக்குப் பயம்னு தெரிஞ்சும், அதுக்கு அப்புறம் எப்படி இருக்கும்.

அதனாலதான் மெத்வதேவ் வந்ததும் அவங்களுக்குக் கொஞ்சம் மூச்சு விட்ட மாதிரி இருந்திருக்கு. கே.ஜி.பி. ஆளு இல்ல, தன்னை விட 11 வயசு சின்னவரு, ரஷ்யாவுல சட்டத்தை மதிக்கிற பழக்கமே இல்லைன்னு அவரே மேடையில பேசுறாரு, ஐபேடை வெச்சுக்கிட்டு சுத்துறாரு. இவரைத் தூக்கி விட்டா உள்ளுக்குள்ள புடின் பலம் குறையும்னு ஒரு கணக்கு. என் பார்வையில ஜெர்மனி பண்ண தப்பு இங்கதான் ஆரம்பிக்குது, அவங்க பேச்சுல இருந்த விஷயத்தை எடைபோடல, பேசின ஆளை எடைபோட்டாங்க.

மொட்டமாடி:
அமெரிக்கா மட்டும் ரொம்ப யோக்கியமோ?? ஈராக்ல என்ன பண்ணாங்க அதைப் பேசுங்க முதல்ல

நெறியாளர்:
ஈராக்குக்குத் தனி இழை இருக்கு, அங்க போங்க. இங்க ரஷ்யா-ஜெர்மனி மட்டும்.

கடலைமிட்டாய்:
சரி ஒப்பந்தம் ஒப்பந்தம்னு சொல்றீங்களே, அதுல என்னதான் இருந்துச்சு? ஜூன்ல அவரு சொன்னதும் ஜெர்மனி என்ன பதில் சொல்லுச்சு?

திண்ணைப்பேச்சு:
ஜூன்ல ஒண்ணுமே இல்ல, அதுதான் வேடிக்கை. வெறும் ஐடியா. கையில காகிதம் இல்ல. மெர்கலும் "பேசலாம், ஆனா நேட்டோவுக்குப் பதிலா எதுவும் வராது"ங்கிற ரேஞ்சுல மரியாதையா நகர்ந்துட்டாங்க. எழுத்துல வரைவு வந்தது 2009 நவம்பர் 29, அதாவது ஒன்றரை வருஷம் கழிச்சு. 14 பிரிவு, சின்ன ஆவணம்தான்.

அதுல 2-ம் பிரிவுதான் முள்ளு. எந்த நாடும் இன்னொரு நாட்டோட பாதுகாப்பைக் கணிசமா பாதிக்கிற எந்த வேலையும் செய்யக் கூடாது, அப்படிப்பட்ட வேலையில பங்கெடுக்கவும் கூடாது, ஆதரிக்கவும் கூடாது. கேட்க நல்லாத்தானே இருக்கு? ஆனா எது "கணிசம்"னு யாரு முடிவு பண்றது? ஒரு நாடு எனக்கு ஆபத்துன்னு சொன்னா ஆலோசனை கூட்டணும், அதுலயும் தீரலைன்னா எல்லா நாடும் சேர்ந்து மாநாடு, அதுல முடிவு எல்லாரும் ஒத்துக்கிட்டாத்தான். அதாவது நாளைக்கு உக்ரைன் நேட்டோவுல சேருது, போலந்துல ஏவுகணைத் தடுப்பு வைக்கிறாங்கன்னா, ரஷ்யா இந்தப் பிரிவைக் காட்டிக் கேஸ் போடலாம், தீர்ப்பு சொல்ல ஆளே கிடையாது. ரஷ்யா ஜார்ஜியாவுக்குள்ள போனா? அப்பவும் அதே கதிதான், ரஷ்யா ஒத்துக்காது. ஆக, எதையும் தடுக்கத் தெரியாத, எல்லாத்தையும் முடக்க மட்டும் தெரிஞ்ச ஒப்பந்தம். வக்கீல் எழுதினதுன்னு சொன்னேனே, இவ்ளோ ஓட்டையோட ஒரு வக்கீல் எழுதினா அது தெரிஞ்சே விட்ட ஓட்டை.

ஜெர்மன்காரங்க இதைக் குப்பையில போடல, முகத்துல அடிச்ச மாதிரி வேண்டாம்னும் சொல்லல. ஐரோப்பியப் பாதுகாப்பு ஒத்துழைப்பு அமைப்புன்னு அப்ப 56 நாடு இருந்த ஒண்ணு வியன்னாவுல இருக்கு பாருங்க, அங்க தள்ளி விட்டுட்டாங்க. 2009 ஜூன்ல கிரீஸ்ல கோர்ஃபு தீவுல வெளிநாட்டு அமைச்சர்கள் கூடினாங்க, அதுக்கு "கோர்ஃபு நடைமுறை"ன்னு பேரு வெச்சாங்க, பேசினாங்க பேசினாங்க, அப்படியே கரைஞ்சு போச்சு.

வெயில்நதி:
நடுவுல ஒரு போரே நடந்துச்சே, அதைத் தாண்டிப் போயிட்டீங்க! பெர்லின் பேச்சு ஜூன் 5, ரஷ்ய டாங்கி ஜார்ஜியாவுக்குள்ள ஆகஸ்ட் 8. ரெண்டு மாசம்தான் இடைவெளி. ஜார்ஜியா அதிபர் சாகஷ்விலி, பிரிஞ்சு நின்ன தெற்கு ஒசேட்டியாவோட தலைநகர் ஸ்கின்வாலி மேல குண்டு போட்டுத் தொடங்கினாருங்கிறதும் உண்மை, ரஷ்யப் படை அதோட நிக்காம ஜார்ஜியாவோட கோரி, போத்தி நகரங்கள் வரைக்கும் போச்சுங்கிறதும் உண்மை, அந்தச் சண்டைக்கு இங்க போக வேண்டாம்.

மெர்கல் ஆகஸ்ட் 15 சோச்சிக்குப் போய் மெத்வதேவைப் பார்த்தாங்க, ரெண்டு பேர் மூஞ்சியும் பார்க்கணும். ரெண்டு நாள் கழிச்சு ஜார்ஜியா தலைநகர் திபிலிசியில நின்னுக்கிட்டு, ஜார்ஜியா விரும்பினா நேட்டோ உறுப்பினர் ஆகலாம்னு சொன்னாங்க, ஏப்ரல்ல தடுத்ததும் அவங்கதான்! ஆகஸ்ட் 26 மெத்வதேவ் ஜார்ஜியாவுல பிரிஞ்சு நின்ன அப்காசியாவையும் தெற்கு ஒசேட்டியாவையும் தனி நாடுன்னு அங்கீகரிச்சாரு. பாதுகாப்பு ஒப்பந்தம் பேசின வாயே எல்லையை மாத்திருச்சு.

அப்ப உறவு முறிஞ்சிருக்கணும்ல? அதுதான் இல்ல. அக்டோபர் 2, செயின்ட் பீட்டர்ஸ்பர்க்ல அதே மெர்கல், அதே மெத்வதேவ், பக்கத்துல நிக்க ஈ.ஆன்ங்கிற ஜெர்மன் எரிசக்தி கம்பெனிக்கு சைபீரியாவுல யூஷ்னோ ருஸ்கோயே எரிவாயு வயல்ல பங்கு குடுக்கிற ஒப்பந்தம் கையெழுத்தாகுது. ரெண்டு மாசம் கூட முழுசா ஆகல போர் முடிஞ்சு. ரஷ்யாவுல அன்னிக்கு ஒருத்தர் கூட பாடம் கத்துக்கலைன்னா நினைக்கிறீங்க?

குறுக்குசால்:
இதைத்தான் நானும் சொல்றேன் மேடம். ஒரே நாள்ல கண்டனமும் தெரிவிப்பாங்க, கான்ட்ராக்டும் போடுவாங்க.

ரூர்காரன்:
கொஞ்சம் பொறுங்கோ. வெளியில இருந்து பாக்க அப்பிடித்தான் தெரியும். ஆனா 2009 தைமாதக் காஸ் பிரச்சினையை எடுங்கோ. ரஷ்யாவுக்கும் உக்ரைனுக்கும் விலைச் சண்டை, ரெண்டு கிழமைக்குக் கிட்ட உக்ரைன் வழியா வாற காஸ் நிண்டுட்டுது. பல்கேரியா, ஸ்லோவாக்கியா ஆக்கள் குளிரில நடுங்கினவை. ஜெர்மனிக்கு வேற பாதையும் சேமிப்புக் கிடங்கும் இருந்தபடியால் பெரிசாத் தெரியேல்லை.

ஒரே சம்பவம், ஆனா ரெண்டு பாடம். போலந்துக்காரன் ரஷ்யாவை நம்பேலாது எண்டு படிச்சான். ஜெர்மன்காரன் உக்ரைன் பாதையை நம்பேலாது எண்டு படிச்சான். அதோட ரஷ்யாவில இருந்து கடலுக்கடியால நேரா ஜெர்மனிக்கு வாற நார்ட் ஸ்ட்ரீம் காஸ் குழாய் வேலை வேகம் பிடிச்சுது. அது மெத்வதேவ் கொண்டு வந்தது இல்லை, 2005 செப்டம்பரில அப்ப சான்சலரா இருந்த ஷ்ரோடரும் புடினும் பெர்லினில நிக்க கொம்பனியள் கையெழுத்து வைச்சது, ஷ்ரோடர் தேர்தலில தோக்கிறதுக்குச் சரியா முந்தி, பிறகு அவரே அந்தக் கொம்பனிக்குத் தலைவராப் போய்க் குந்தினார். ஆனா கடலுக்குள்ள குழாய் இறங்கினது மெத்வதேவின்ரை காலம். 2010 ஏப்ரலில விபோர்க் பக்கம் தொடங்கி, 2011 நவம்பர் 8 லுப்மின் எண்ட ஊரில திறந்தது. 1224 கிலோமீட்டர். ரெண்டு குழாயும் சேர்த்து வருசத்துக்கு 55 பில்லியன் கன மீட்டர். மெர்கலும் மெத்வதேவும் சேர்ந்து சக்கரத்தைத் திருகுற படம் எல்லாப் பேப்பரிலயும் வந்தது.

பாருங்கோ, பாதுகாப்பு ஒப்பந்தம் 14 பிரிவும் காகிதத்திலயே கிடந்தது. நவீனமாக்கல் எண்டது செமினாரும் சாப்பாடுமா முடிஞ்சுது. உருப்படியா நிறைவேறினது குழாய் ஒண்டுதான்.

கடலைமிட்டாய்:
அப்ப ரஷ்யா உண்மையிலயே எதாச்சும் விட்டுக் குடுக்குமான்னு ஜெர்மனி ஒரு தடவை கூட டெஸ்ட் பண்ணிப் பார்க்கலையா?

திண்ணைப்பேச்சு:
பார்த்தாங்க, நல்ல கேள்வி. 2010 ஜூன் 4, 5, மேசபெர்க். பெர்லினுக்கு வடக்கே ஒரு பழைய மாளிகை, அரசாங்க விருந்தினர் இல்லம். அங்க மெர்கலும் மெத்வதேவும் ஒரு குறிப்பாணை போட்டாங்க. ஐரோப்பிய ஒன்றியமும் ரஷ்யாவும் சேர்ந்து அமைச்சர் அளவுல ஒரு அரசியல் பாதுகாப்புக் குழு அமைக்கிறதைப் பார்க்கலாம்னு மெர்கல் சொன்னாங்க. ரஷ்யாவுக்கு இது பெரிய விஷயம், ஐரோப்பாவோட முடிவெடுக்கிற மேஜையில நாற்காலி கிடைச்ச மாதிரி. பதிலுக்கு டிரான்ஸ்னிஸ்ட்ரியா பிரச்சினையில ஒத்துழைக்கணும்.

டிரான்ஸ்னிஸ்ட்ரியான்னா மால்டோவாவுல ஒரு ஒடுங்கின நிலத்துண்டு, 1992-ல சண்டை முடிஞ்சதுல இருந்து ரஷ்யப் படை அங்கேயே இருக்கு. மெர்கல் ஏன் அதை எடுத்தாங்கன்னா, ரஷ்யா மனசு வெச்சா தீர்க்க முடியிற அளவுக்குச் சின்னது, அங்க எண்ணெய் இல்ல, கடற்படைத் தளம் இல்ல. இதுல கூட இறங்கி வரலைன்னா எதுலயும் வராது. மத்த ஐரோப்பிய நாடுகளைச் சரியா கலந்துக்காமலே மெர்கல் இதை முன்வெச்சாங்கன்னு பிரஸ்ஸல்ஸ்ல முணுமுணுப்பு வேற.

ரிசல்ட் என்னன்னா, நின்னு போயிருந்த பேச்சுவார்த்தை 2011 கடைசியில மறுபடி ஆரம்பிச்சுது. படை நகரல. குழு அமையல. என்னைக் கேட்டா மெத்வதேவ் காலத்துல பெர்லின் செஞ்ச உருப்படியான ராஜதந்திரம் இது ஒண்ணுதான், ஏன்னா இதுல ஒரு விலைச்சீட்டு இருந்துச்சு. இதை 2010-ல செஞ்சதுக்குப் பதிலா 2008 ஜூன்லயே செஞ்சிருந்தா, எரிவாயு டீலையும் இதோட கட்டிப் போட்டிருந்தா, யாரு எப்படின்னு அப்பவே தெரிஞ்சிருக்கும்.

குறுக்குசால்:
என்ன தெரிஞ்சிருக்கும் அண்ணே, கையெழுத்துப் போடுற ஆளு வேற, முடிவெடுக்கிற ஆளு வேற. 2011 செப்டம்பர் 24 கட்சி மாநாட்டுல புடினும் மெத்வதேவும் அதிபர், பிரதமர் நாற்காலியை மாத்திக்கிறோம்னு அறிவிச்சாங்களே, அன்னிக்கு மெத்வதேவே சொன்னாரு, எங்க கூட்டணி ஆரம்பிச்சப்பவே இதைப் பேசி வெச்சுட்டோம்னு. அப்ப பெர்லின்ல நின்னு பேசினப்பவே அவருக்குத் தான் வாடகைக்கு இருக்கிறவர்னு தெரியும். இதுக்கு மேல என்ன ஆதாரம் வேணும்.

வெயில்நதி:
அது பின்னாடி சொன்ன கதையாவும் இருக்கலாம்ல, அவமானத்தை மறைக்க. 2011 மார்ச் லிபியா விவகாரத்தை எடுங்க. ஐ.நா. பாதுகாப்பு சபையில அங்க ராணுவ நடவடிக்கைக்கு அனுமதி குடுத்த தீர்மானம் (எண் 1973), ரஷ்யா வீட்டோ போடல, ஒதுங்கிடுச்சு. அது மெத்வதேவ் முடிவு. புடின் அதை வெளிப்படையா சிலுவைப் போர் மாதிரி இருக்குன்னு திட்டினாரு, மெத்வதேவ் அன்னிக்கே அந்த வார்த்தை எல்லாம் சரியில்லைன்னு பதில் குடுத்தாரு. முழுக்க பொம்மைன்னா இது நடந்திருக்காது. (அந்த ஓட்டெடுப்புல ஜெர்மனியும் ஒதுங்குச்சு, இந்தியாவும்தான். நேட்டோ கூட்டாளிங்க எல்லாம் ஒரு பக்கம், ஜெர்மனி ரஷ்யா சீனாவோட ஒரு பக்கம், பாரிஸ்ல செம கடுப்பு.)

ஆனா ஒண்ணு ஒத்துக்கிறேன், அந்த இடைவெளி வெளிநாட்டுக் கொள்கையில இருந்துச்சு, உள்நாட்டுல இல்ல. புடினை எதிர்த்து ஜெயிலுக்குப் போன எண்ணெய் முதலாளி கொடார்கோவ்ஸ்கிக்கு 2010 டிசம்பர்ல ரெண்டாவது தண்டனை குடுத்தது இந்த "சட்டத்தை மதிக்கணும்" அதிபர் ஆட்சியிலதான். கடைசியில அவரு வெளிய வந்தது 2013 டிசம்பர்ல, புடின் மன்னிப்புல, முன்னாள் ஜெர்மன் வெளிநாட்டு அமைச்சர் கென்ஷர் திரைமறைவுல அலைஞ்சு பேசி, நேரா பெர்லினுக்குத்தான் விமானம் ஏறினாரு. நல்லவர்கிட்ட நடக்காதது கெட்டவர்கிட்ட நடந்துச்சு, ஏன்னா சாவி அங்கதான் இருந்துச்சு.

திண்ணைப்பேச்சு:
இதோட கோர்பச்சேவை வெச்சுப் பாருங்க. அவரு வந்தப்ப ஜெர்மனி நம்பவே இல்ல. 1986-ல மேற்கு ஜெர்மன் சான்சலர் கோல் ஒரு அமெரிக்கப் பத்திரிகைக்குக் குடுத்த பேட்டியில கோர்பச்சேவுக்கு விளம்பரம் பண்ணத் தெரியும், கோயபல்ஸுக்கும் தெரியும்ங்கிற மாதிரி பேசி, மாஸ்கோ ரெண்டு வருஷம் மூஞ்சியைத் திருப்பிக்கிட்டு இருந்துச்சு. 1988 அக்டோபர்லதான் கோல் மாஸ்கோ போக முடிஞ்சுது. 1989 ஜூன்ல கோர்பச்சேவ் பான் நகரத்துக்கு வந்தப்ப ஜனங்க தெருவுல கூடி பேரைச் சொல்லிக் கத்தினாங்க. 1990 ஜூலை காகசஸ் மலையில ரெண்டு பேரும் உட்கார்ந்து, ஒண்ணான ஜெர்மனி நேட்டோவுல இருக்கலாம்னு முடிஞ்சுது. 1994 ஆகஸ்ட்டுக்குள்ள மூணு லட்சத்துக்கும் மேல சோவியத் துருப்பு கிளம்பிப் போச்சு.

அப்ப நம்பிக்கை குறைவு, நடந்தது அதிகம். 2001 செப்டம்பர் 25 புடின் பெர்லின் பாராளுமன்றத்துல ஜெர்மன் மொழியிலயே பேசி எல்லாரும் எழுந்து நின்னு கைதட்டினாங்க, 2008-ல மெத்வதேவ், இந்த ரெண்டுலயும் நம்பிக்கை ஜாஸ்தி, களத்துல ஒரு சிப்பாய் கூட நகரல.

கடலைமிட்டாய்:
இப்ப ஜெர்மனியில இதைப் பத்தி என்ன சொல்றாங்க? யாராச்சும் தப்புன்னு ஒத்துக்கிட்டாங்களா?

ரூர்காரன்:
ஆளுக்கு ஆள். ஸ்டைன்மையர் 2022 ஏப்ரலில வெளிப்படையாச் சொன்னவர், பிறகு அதே மாதிரிப் போட்ட நார்ட் ஸ்ட்ரீம் 2-ஐப் பிடிச்சுக் கொண்டு நிண்டது பிழை எண்டு. அதுக்குப் பிறகும் அந்த மாசமே கீவுக்கு வர வெளிக்கிட்டவரை உக்ரைன் வரவேண்டாம் எண்டுட்டுது. மெர்கல் தான் மன்னிப்புக் கேக்க ஒண்டும் இல்லை எண்டு நிக்கிறா. ஷ்ரோடரிட்டை அலுவலகச் சலுகையைப் பாராளுமன்றம் பறிச்சது, அவர் அசையேல்லை.

சனம் என்ன சொல்லுது எண்டால், 2021-ல ஜெர்மனி இறக்குமதி செய்த காஸில பாதிக்கு மேல ரஷ்யாவில இருந்து வந்தது, அடுத்த வருசம் அது நிண்டவுடனை வந்த ஹீட்டிங் பில்லை வைச்சுத்தான் கதைக்கினம். எங்கடை கட்டடத்தில ஒரு வயசு போன மனுசி, பழைய குழாய்த் தொழிற்சாலைக்காரன்ரை மனைவி, இப்பவும் பிராண்ட் செய்தது சரி, பிறகு வந்தவையள்தான் பழுதாக்கினவை எண்டு சண்டை பிடிப்பா. அவ சொல்லுறதிலயும் விசயம் இருக்கு. பிராண்ட் காலத்தில கிழக்கோட கதைச்சாலும் ராணுவச் செலவைக் கைவிடேல்லை. 2008-ல கதை மட்டும் இருந்தது.

கடலைமிட்டாய்:
அந்த 2009 வரைவு முழுசா எங்க கிடைக்கும்?

திண்ணைப்பேச்சு:
கிரெம்ளின் தளத்துல ஆங்கிலத்துலயே இருக்கு, சின்னதுதான், டீ குடிக்கிற நேரத்துல முடிச்சிடலாம். 2-ம் பிரிவோட 7-ம் பிரிவையும் சேர்த்துப் படிங்க, ஒரு நாட்டு மேல தாக்குதல் நடந்தா மத்த நாடுங்க அதைத் தங்க மேல நடந்ததா எடுத்துக்கலாம்னு வரும், நேட்டோ 5-ம் பிரிவைப் பார்த்து எழுதின மாதிரி, ஆனா கட்டாயம் இல்ல. அதுக்குத் தனியா ஒரு இழை போடுங்க, இங்க ரொம்ப நீளமாயிடுச்சு.